வால் பக்கத்துக் கூடு

மார்ச் 11, செவ்வாய்.

இன்று ஒரு சிறு தவறு செய்தேன். கம்பிக்கட்டு பதினான்காம் தளத்தில் இறங்கிக்கொண்டிருந்தபோது ‘நிறுத்து’ என்று சொல்ல வேண்டிய இடத்தில் ‘கொஞ்சம், கொஞ்சம்’ என்று சொல்லிவிட்டேன். கட்டின் ஒரு முனை ஓரத்துத் தடுப்புக் குழாயில் இடித்துக் குழாய் வளைந்துவிட்டது. யாருக்கும் அடியில்லை.

எழுதிய வரியைத் திரும்பப் படித்தேன். ‘சிறு’ என்பதை அடித்துவிடலாமா என்று யோசித்தேன். இப்போதைக்கு இருக்கட்டும். அன்றைய தவறை முதலில் எழுதிவிட்டால் அதற்குப் பிறகு எழுத வெட்கப்பட ஒன்றும் மிஞ்சாது என்று மாலை வகுப்பு ஆசிரியர் சொல்வார். கிரேன் ஓட்டும் சான்றிதழுக்குப் படிக்க வருகிறவர்களில் வேறு யாராவது இப்படி எழுதுகிறார்களா என்று தெரியவில்லை. கேட்டால் சிரிப்பார்களோ என்று கேட்கவும் இல்லை.

என் வேலை சிக்னல் கொடுப்பது. டவர் கிரேனின் உச்சியில் கண்ணாடிக் கேபினில் உட்கார்ந்திருப்பவருக்குத் தன் கொக்கி எங்கே இறங்குகிறது என்பது பாதி நேரம் தெரியாது; கட்டடமே மறைத்துவிடும். சரக்கு இறங்குகிற தளத்தில் நின்று நான்தான் வாக்கி-டாக்கியில் ‘இறக்கு, இடது, இன்னும் இடது, நிறுத்து’ என்று சொல்ல வேண்டும். என் குரல் அதில் கீச்சென்று கேட்பதால் சைட்டில் எனக்குக் கொசு என்று பெயர். மேலே உட்கார்ந்திருப்பவர் என் அக்காவின் கணவர். வீட்டில் மாமா. சைட்டில் ‘மேல’. “மேல, மேல, கேக்குதா?” என்றுதான் கூப்பிட வேண்டும். சொந்தம் கொண்டாடினால் ஃபோர்மேனுக்குப் பிடிக்காது.

சிக்னல் கொடுப்பவள் சரக்கைத் தவிர வேறு எதையும் பார்க்கக் கூடாது. இது வகுப்பின் முதல் பாடம். இன்று நான் பருந்தைப் பார்த்தேன். அதுதான் தவறு.

அனுமதி ஏதோ சிக்கலாகி, வேலை நின்று, கிரேன் கேட்பாரற்று நின்ற நாட்களில் ஒரு பருந்து ஜோடி அதில் கூடு கட்டிவிட்டது. கொக்கி தொங்குகிற நீண்ட கைக்கு எதிர்ப்பக்கம், கேபினுக்குப் பின்னால், குட்டையாக ஒரு கை நீண்டிருக்கும். அதன் முனையில் எடைக்குக் கான்கிரீட் கட்டைகள். அந்தப் பக்கத்தை நாங்கள் வால் என்போம். கட்டைகளுக்குப் பின்னால், இரும்புச் சல்லடை நடைபாதையில் கூடு. மாமா தன் போனில் படம் காட்டினார். சுள்ளி குறைவு; கட்டுக்கம்பியும் நீல நைலான் கயிறும் சாக்குக் கிழிசலும்தான் அதிகம். நடுவில் மாமாவின் இடது கையுறை. அதைக் காணோம் என்று அவர் ஸ்டோர்காரரிடம் சண்டை போட்டு வேறு வாங்கியிருந்தார். வேலை மறுபடி தொடங்கியபோதே முட்டை இருந்தது. இப்போது இரண்டு குஞ்சுகள்.

முதல் நாளே ஃபோர்மேனிடம் சொல்லியிருந்தால் முடிந்திருக்கும். மாமா சொல்லவில்லை. எனக்கு மட்டும் சொன்னார், நானும் யாரிடமும் சொல்லவில்லை. சிக்கல் என்னவென்றால், கிரேன் சுழலும்போது கூடும் சுழல்கிறது. சந்தைப் பக்கமிருந்து எதையோ காலில் இடுக்கிக்கொண்டு வரும் தாய், கூடு இருந்த இடத்துக்கு நேராக வந்து, அங்கே வெறும் காற்று இருப்பதைப் பார்த்துக் கத்திக்கொண்டு வட்டம் போடும். அதைப் பார்த்தால் எனக்கே எங்கேயாவது போக வேண்டும் போலிருக்கும், எங்கே என்று தெரியாது. அதனால் மாமா சரக்கை இறக்கிய கையோடு வாலைப் பழைய இடத்துக்கே திருப்பிக்கொண்டுபோய், அது தீனி கொடுத்து முடிக்கும்வரை நிற்பார். ஏன் நிற்கிறோம் என்று கீழே சொல்ல ஒரு காரணம் வேண்டுமே. “கொசு, காத்து” என்பார். நான் ஃபோர்மேனிடம் “காத்தடிக்குதுண்ணே, கொஞ்சம் பொறுங்க” என்பேன். காற்று என்றால் யாரும் எதிர்த்துக் கேட்க மாட்டார்கள். கம்பி கட்டுகிறவர்கள் கையிலிருந்ததைப் போட்டுவிட்டு, தூண் கம்பியைப் பிடித்துக்கொண்டு வெயிலில் குந்திவிடுவார்கள்.

குழாய் வளைந்தபோது அதற்குப் பக்கத்தில் நின்றவர் கம்பி கட்டுகிறவர்களின் தலைவர். வேலை நேரம் முழுக்கப் பாடிக்கொண்டே இருப்பதால் பாட்டுக்காரர். கட்டு வந்த வேகத்தில் துள்ளி விலகி, சுவரில் சாய்ந்து மூச்சு வாங்கினார். பிறகு என்னைப் பார்த்து, “கொசு, என் பாட்டு பிடிக்கலைன்னா வாயால சொல்லும்மா. கம்பியால சொல்லாத” என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அதற்கப்புறம் மாலைவரை அவர் பாடவில்லை.

ஃபோர்மேனிடம் நானே போய்த் தவறு என்னுடையது என்று சொன்னேன். “சரி, எழுதிக் குடு. சான்றிதழுக்கு நம்ம கம்பெனி கையெழுத்துதான் வேணும்கிறதை மறந்துடாத” என்றார்.

நாளை வேலை: வளைந்த குழாயைக் கழற்றி வேறு மாட்ட வேண்டும்.

மார்ச் 12, புதன்.

நேற்று எழுதிய முதல் வரி சரியில்லை. எப்படி என்று வரிசையாக எழுதிப் பார்க்கிறேன்.

காலையில் ஸ்பானருடன் போய்க் குழாயைக் கழற்றினேன். கழற்றியதைக் கையில் வைத்துக்கொண்டு அங்கேயே நின்றுவிட்டேன். ‘கொஞ்சம்’ என்று சொன்னால் கட்டு கீழே இறங்கும். இறங்கி இடித்திருந்தால் குழாய் கீழ்நோக்கி வளைந்திருக்க வேண்டும். இது வெளிப்பக்கமாக வளைந்திருந்தது, யாரோ உள்ளேயிருந்து தள்ளியது போல. கட்டு இறங்கி வரவில்லை, பக்கவாட்டில் வந்திருக்கிறது. பக்கவாட்டில் வர வேண்டுமானால் கிரேன் திரும்பியிருக்க வேண்டும். நான் திருப்பச் சொல்லவில்லை.

எனக்கு முதலில் வந்தது சந்தேகம்தான், என் மேலேயே. ஒருவேளை நான் ‘இடது’ என்று சொல்லி மறந்துவிட்டேனோ? நேற்று இரவு சாப்பிட்டேனா என்று கேட்டால்கூட நான் கொஞ்சம் யோசித்துத்தான் பதில் சொல்வேன். பாட்டுக்காரரிடம் போனேன்.

“அண்ணே, நேத்து கட்டு இறங்குறப்ப நான் என்ன சொன்னேன்?”

“ஏன், கேசெட்டு போட்டு வச்சிருப்பேன்னு நெனச்சியா? ‘கொஞ்சம், கொஞ்சம்’னு கொஞ்சிக்கிட்டிருந்த. வேற ஒண்ணும் சொல்லல.”

“இடதுன்னு சொன்னேனா?”

“இல்லம்மா.” குழாயைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். அவர் என்னைவிட அதிக நாள் கட்டடத்தில் இருந்தவர், குழாய் அவரிடம் என்ன சொன்னதோ தெரியாது. கேட்கவும் இல்லை. வேறொன்று சொன்னார். “நீ காத்துன்னு சொன்னா நான் கம்பியப் பிடிச்சுக்கிட்டு அப்படியே உக்காந்துடுவேன், பார்த்திருக்கியா? எங்கப்பன் உக்காருன்னு சொல்லிகூட நான் உக்காந்ததில்ல. நீ சொன்னா உக்காருறேன். ஏன்னா அது உன் வேலை.”

அவர் கேலியாகத்தான் சொன்னார். எனக்குக் காது சூடாகிவிட்டது. அதற்குப் பிறகு இரண்டு தடவை மேலேயிருந்து ‘காத்து’ என்று குரல் வந்தது, இரண்டு தடவையும் நான் சொன்னேன். இரண்டு தடவையும் அவர் குந்தினார். காற்றைக் காட்ட கிரேன் உச்சியில் கட்டியிருக்கும் கொடிகூட அசையவில்லை.

மாலையில் வகுப்புக்குப் போகவில்லை. இந்தப் பருவத்தில் முதல் முறை. கேட்டுக்கு வெளியே மாமாவுக்காக நின்றேன். வலது காதில் பஞ்சு ஒட்டிக்கொண்டு வந்தார். காலையில் ஏணியிலிருந்து தலையை நீட்டியபோது ஆண் பருந்து வந்து அடித்துவிட்டதாம். ஹெல்மெட் இருந்ததால் காதோடு போனது.

“மாமா, நேத்து கட்டு பக்கவாட்டுல போச்சு.”

அவர் நடந்துகொண்டே இருந்தார். பழக்கடையைத் தாண்டியதும் நின்றார்.

“தெரியும்.”

“நான் திருப்பச் சொல்லல.”

“தெரியும்னு சொல்றேன்ல. குஞ்சு ரெண்டும் முதுகுக்குப் பின்னாடி கத்துது. அது வந்து சுத்திக்கிட்டிருக்கு. கட்டு தரையத் தொட்டுடுச்சுன்னு நெனச்சேன். கை தானாப் போச்சு.”

“நான் என் தப்புன்னு எழுதிக் குடுத்துட்டேன்.”

“நீ சின்னப் பொண்ணு. உன்ன ரெண்டு வார்த்தை திட்டுவாங்க. என்னைன்னா சீட்டை விட்டே இறக்கிடுவாங்க. கொக்கியில சரக்கு இருக்கறப்ப சொல்லாம திருப்பினவனுக்கு வேற எந்த சைட்டுலயும் சீட்டு கிடைக்காது.” காதைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். “இன்னும் பத்துப் பதினஞ்சு நாள்தான். பறந்துடும். அப்புறம் காத்தும் கிடையாது, ஒண்ணும் கிடையாது.”

“பாட்டுக்காரண்ணன் ஒரு சாண் தள்ளி நின்னாரு மாமா.”

“நான் என்ன வேணும்னா செஞ்சேன்?” சத்தமாகக் கேட்டார். பழம் வாங்கிக்கொண்டிருந்தவர்கள் திரும்பினார்கள். பிறகு மெதுவாக, “நீ ஒரு நாளாவது பத்து மணி நேரம் அங்க உக்காந்து பாரு. அங்க மேல என்கூட வேலைக்கு வர ஆளு அது ஒண்ணுதான்” என்றார்.

அவரை நினைத்தால் எனக்குப் பாவமாகவும் இருக்கிறது, குழாயை நினைத்தால் கோபமாகவும் இருக்கிறது. இரண்டும் ஒரே நேரத்தில் இருப்பதால் உட்கார முடியவில்லை. இதை எழுதுவதற்குள் மூன்று முறை எழுந்து தண்ணீர் குடித்துவிட்டேன்.

வீட்டில் அக்கா பஞ்சை எடுத்துப் பார்த்தாள். அவள் ஒரு பல் மருத்துவரிடம் வரவேற்பில் வேலை செய்கிறவள், ரத்தத்துக்கு அசர மாட்டாள். “இது நகக் கீறலாச்சே. மேல இன்னொருத்திய வச்சிருக்கீங்களா?” என்றாள். மாமா சிரிக்கவில்லை. நானும் சிரிக்காததைப் பார்த்துவிட்டு, அக்கா எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். மருந்தைத் தடவிவிட்டு உள்ளே போனாள்.

நாளை வேலை: மாமா தானாகச் சொல்கிறாரா என்று மதியம்வரை பார்க்க வேண்டும்.

மார்ச் 13, வியாழன்.

இன்றைய தவறு எது என்று தெரியவில்லை. செய்ததைச் சொல்கிறேன்.

மதியம்வரை மாமா ஒன்றும் சொல்லவில்லை. வேலை நன்றாகவே ஓடியது. ‘மேல, இறக்கு.’ ‘இறக்குறேன்.’ குரலில் எதுவும் தெரியாது. வாக்கி-டாக்கியில் எல்லோர் குரலும் தகரக் குரல்தான். சாப்பாட்டுக்கு முன் கடைசிச் சரக்கு, கான்கிரீட் தொட்டி. தொட்டி கொட்டி முடித்து, காலியாக மேலே ஏறியது. அப்போது தாய்ப் பருந்து சந்தைப் பக்கமிருந்து வந்தது. நான் நிமிர்ந்து பார்க்கவில்லை. பார்க்காமலே தெரிந்தது, அந்தக் கத்தலை வைத்து.

“கொசு, காத்து.”

பாட்டுக்காரரின் ஆட்கள் விளிம்பில் இருந்தார்கள். இளநீலச் சட்டை போட்டவர் ஏற்கெனவே குந்த ஆரம்பித்துவிட்டார், நான் சொல்வதற்கு முன்பே. எத்தனை பழகிவிட்டது அவர்களுக்கு. இன்ஜினியரும் அங்கே இருந்தார், தூண் கம்பிகளை அளவு பார்த்துக்கொண்டு. நான் பொத்தானை அழுத்தினேன். அழுத்திக்கொண்டு ஒன்றும் சொல்லாமல் நின்றேன். அப்படி அழுத்திப் பிடித்திருந்தால் வேறு யாரும் பேச முடியாது. சைட் முழுக்க எல்லா வாக்கி-டாக்கியிலும் என் மூச்சுதான் கேட்டிருக்கும்.

“மேல,” என்றேன். “காத்து இல்ல.”

பொத்தானை விட்டேன். 

“கொசு, காத்துன்னு சொல்றேன்ல.”

“மேல, காத்து இல்ல. கொடி அசையல. செவ்வாக்கிழமையும் காத்து இல்ல.”

ஃபோர்மேன், லாரிக்காரர், கேட்டில் இருந்த காவல்காரர், எல்லோரிடமும் அந்தப் பெட்டி இருக்கிறது. குந்தியிருந்த நீலச்சட்டைக்காரர் எழுவதா வேண்டாமா என்று தெரியாமல் என்னைப் பார்த்தார். இன்ஜினியர் அளவு நாடாவைச் சுருட்டினார். தலைக்கு மேல் பருந்து கத்திக்கொண்டே ஒரு வட்டம் போட்டது. கிரேன் அசையவில்லை. பிறகு மாமாவின் குரல் வந்தது. கோபமாக இல்லை.

“வால்ல ஒரு கூடு இருக்குங்க. அதுக்காகத்தான். குழாய வளைச்சதும் நான்தான். பொண்ணு மேல தப்பு இல்ல.” கொஞ்சம் இரைச்சல். “இறங்கி வரேன்.”

அவர் ஏணியில் இறங்கி வருவதை எல்லோரும் நின்று பார்த்தோம். வெகுநேரம் ஆனது. தரைக்கு வந்ததும் அவர் நடை எப்போதும் போல ஒரு மாதிரி இருந்தது, படகிலிருந்து இறங்கியவர் போல. இன்ஜினியர் கத்தவில்லை. கத்தியிருந்தால் தேவலை. “தலைமை அலுவலகத்துக்குச் சொல்லியாகணும். முடிவு வர வரைக்கும் வீட்டுல இருங்க. நாளைக்கு வேற ஆபரேட்டர் வருவாரு” என்றார். மாமா ஹெல்மெட்டைக் கழற்றி ஃபோர்மேனிடம் கொடுத்தார். என்னைப் பார்க்கவில்லை. பாட்டுக்காரர் பக்கத்தில் போய் ஏதோ சொன்னார். பாட்டுக்காரர் பதிலுக்கு அவர் தோளைத் தொட்டார், பிறகு கையை எடுத்துக்கொண்டார். என்ன பேசினார்கள் என்று எனக்குக் கேட்கவில்லை.

அப்புறம் கூட்டைப் பற்றிப் பேச்சு வந்தது. புது ஆபரேட்டரிடம் போனில் சொன்னபோது, முதுகுக்குப் பின்னால் பருந்தை வைத்துக்கொண்டு உட்கார மாட்டேன் என்றுவிட்டாராம். நியாயம்தான்.

“ஒரு சாக்குல போட்டு வாயக் கட்டினா ரெண்டு நிமிஷ வேலை,” என்றார் ஃபோர்மேன்.

“நான் எடுக்குறேன்,” என்றேன்.

“நீயா? தலைசுத்தி விழுந்தா உங்கக்காவுக்கு யார் பதில் சொல்றது?”

“வகுப்புல ஏறியிருக்கேண்ணே.” வகுப்பில் ஏறியது பயிற்சிக் கம்பம், மூன்று மாடி உயரம். அதை அவரிடம் சொல்லவில்லை. சொல்லாததை இங்கே எழுதிவிடுகிறேன்.

இன்ஜினியர் என் பக்கம் திரும்பினார். “ரெண்டு கொக்கி வச்ச சேஃப்டி பெல்ட் போட்டுக்கணும். ஃபோர்மேன் கேபின் வரைக்கும் கூட வருவாரு. காத்து இருந்தா ஏறக் கூடாது. குஞ்சை எங்க வைக்கப் போறீங்க?”

 நாளைக் காலை சொல்கிறேன் என்றேன்.

வீட்டுக்கு வந்தபோது மாமா கட்டிலில் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். அக்கா அழுதிருந்தாள், முகம் கழுவியும் இருந்தாள். சோறு போட்டாள். மூன்று பேரும் சாப்பிட்டோம். ஒரே அறை, ஒரே பாய். கை கழுவிவிட்டு வந்த மாமா என் பக்கம் முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டு அக்காவிடம் சொன்னார்:

“கூட்டை எடுக்க யாரோ ஏறப் போறாங்களாம். பாட்டுக்காரர் போன் பண்ணாரு. யாரு ஏறுனாலும் சரி, குஞ்சைக் கையால தூக்கக் கூடாதுன்னு சொல்லு. கூட்டோட சேத்து, கான்கிரீட் சட்டியில வச்சுத் தூக்கணும்.”

அக்கா என்னைப் பார்த்தாள். நான் மூன்றடி தள்ளித்தான் இருந்தேன்.

“கேட்டியாடி?”

“எங்க வைக்கிறதுன்னு கேளுக்கா.”

“எங்க வைக்கிறதாம்?”

“லிஃப்ட் சுவரோட உச்சியில. அந்தச் சுவருக்கு இப்போதைக்கு மேல வேலை இல்ல. வால் எப்பவும் நிக்கிற இடத்துக்கு நேர் கீழதான் அது. தாய் அந்த எடத்துக்குத்தான் வந்து தேடும். கீழ குனிஞ்சு பாத்தா தெரிஞ்சுடும்.” ஈரக் கையைத் துண்டில் துடைத்தார். “தெரியலாம். தெரியாமலும் போகலாம். எனக்கென்ன தெரியும், நானென்ன பருந்தா.”

“ரெண்டும் சந்தைப் பக்கமிருந்துதான் வருது, அடிக்கவும் அந்தப் பக்கமிருந்துதான் வருமான்னு கேளுக்கா.”

“ஏண்டி, நான் என்ன வாக்கி-டாக்கியா?” அக்கா தட்டைத் தரையில் வைத்த சத்தத்தில் பக்கத்து வீட்டுக் குழந்தை அழுகையை நிறுத்தியது. “ரெண்டு பேருக்கும் வாய் இருக்கு. இவ சொன்னதால உங்க சீட்டு போச்சு. நீங்க சொல்லாததால இவ பேரு போச்சு. நடுவுல என் தலைய உருட்டாதீங்க.”

 மாமா எழுந்து சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே போனார். செருப்புச் சத்தம் படியில் இறங்கி, தெருவில் கொஞ்சம் போய், நின்றது. திரும்பி வரவில்லை, மேற்கொண்டு போகவும் இல்லை. நின்றே இருந்தது.

ஜன்னலுக்கு வந்தேன். எங்கள் ஜன்னலிலிருந்து இரண்டு கட்டடங்களுக்கு நடுவே கிரேனின் உச்சி தெரியும். வேலை முடிந்த பிறகு அதன் பிரேக்கை விட்டுவிடுவார்கள், காற்று எந்தப் பக்கம் தள்ளுகிறதோ அந்தப் பக்கம் தானாகத் திரும்பிக்கொள்ள. பிடித்து நிறுத்தினால் காற்று ஒடித்துவிடும். பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. கீழே தெருவில் மாமா விளக்குக் கம்பத்துக்குப் பக்கத்தில் நின்று அண்ணாந்து அதையேதான் பார்த்துக்கொண்டிருந்தார். நாங்கள் இருவரும் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அந்த நீண்ட இரும்பு மெல்ல, யாரும் சொல்லாமல், அசைய ஆரம்பித்தது. வாலின் முனையில் கறுப்பாக ஒன்று சிறகை விரித்துச் சமாளித்துக்கொண்டு, மறுபடி மடக்கி உட்கார்ந்தது.

நாளை வேலை: புது ஆபரேட்டர் வந்ததும், ஒரே ஒரு தடவை மட்டும் உட்கார்ந்து வாலை லிஃப்ட் சுவருக்கு நேராக நிறுத்திக் கொடுக்கச் சொல்ல வேண்டும். பிறகு ஏற வேண்டும்.